வெயில் தாங்கும் படலம்: பாலிமர் மின்தேக்கிகள் எங்கே நிற்கின்றன?

சென்னை பெசன்ட் நகரில் மே மாதம் பிறந்துவிட்டால் எலெக்ட்ரீஷியன்களுக்கு ஓய்வு கிடையாது. மொட்டை மாடிக்கு நேர் கீழே உள்ள வீடுகளிலிருந்துதான் அழைப்பு அதிகம். விசிறி சுற்றுகிறது, காற்று வரவில்லை என்பார்கள். வந்தவர் ஸ்டூல் போட்டு ஏறி, விசிறியின் மேல் கிண்ணத்தைத் தளர்த்தி, கட்டை விரல் அளவுள்ள ஒரு பெட்டியைக் கழற்றிக் காட்டுவார். "கண்டன்சர் வீக்காயிடுச்சு சார், மாத்திட்டா ஓடும்." மாற்றியதும் ஓடுகிறது. 2.5 மைக்ரோ ஃபாரட், 440 வோல்ட் என்று மேலே அச்சிட்டிருக்கும். பழையது குப்பைக்குப் போகும்.

மின்தேக்கி எனப்படும் அந்தப் பெட்டிக்குள் இருப்பது பாலிப்புரொப்பிலீன் என்ற பிளாஸ்டிக்கின் மெல்லிய படலம். வந்தே பாரத் ரயிலின் மின்னோட்ட மாற்றிச் சுற்றுகளிலும், மின்சாரக் காரின் இன்வெர்ட்டரிலும், கேரளத்துக்கு மின்சாரம் அனுப்பும் புகளூர் நிலையத்திலும் அதே பொருள்தான் பாரம் சுமக்கிறது. இத்தாலிய வேதியியலாளர் ஜூலியோ நாட்டா 1954இல் அதை ஒழுங்கான சங்கிலிகளாக உருவாக்கினார். 1963இல் கார்ல் சீக்லருடன் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார். அதன் பிறகு மின்னணுத் துறையில் எத்தனையோ தலைமுறைகள் மாறிவிட்டன. உயர் மின்னழுத்த மின்தேக்கிகளில் பாலிப்புரொப்பிலீனின் இடத்தை இன்னும் எதுவும் பிடிக்கவில்லை. ஏன் பிடிக்கவில்லை, பிடிக்கப் போகிறவை எவை, அவற்றை எந்த அளவுகோலால் அளக்க வேண்டும் என்பவைதான் இக்கட்டுரையின் கேள்விகள்.

முதலில் அந்தப் பழைய விசிறி கண்டன்சரையே திறந்து பார்க்கலாம். மின் இணைப்பை நீக்கி, முனைகளைக் குறுக்கிணைத்து, உள்ளே தேங்கியதை வடித்த பிறகே கை வைக்க வேண்டும். பெட்டியை உடைத்து மேல் பூச்சை உரித்தால் இறுகச் சுற்றிய ஒரு சுருள் வரும். இரண்டு முனைகளிலும் துத்தநாகத்தை உருக்கித் தெளித்த சாம்பல் நிறப் பூச்சு இருக்கும். சுருளைப் பிரித்தால் ஒன்றின் மேல் ஒன்றாக இரண்டு நாடாக்கள். ஒவ்வொன்றின் மேலும் அலுமினியமோ துத்தநாகக் கலவையோ சில பத்து நானோமீட்டர் தடிமனுக்குப் படிந்திருக்கிறது. படலம் 6 மைக்ரோமீட்டர் தடிமன் என்றும் நாடா 4 சென்டிமீட்டர் அகலம் என்றும் வைத்துக்கொண்டால், 2.5 மைக்ரோ ஃபாரட் கிடைக்க இரண்டு நாடாக்களும் சேர்ந்து ஏறக்குறைய 20 மீட்டர் நீளம் வேண்டும்.

அந்த நாடாவை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். கண்ணாடிபோல் மின்னும் உலோகப் பரப்பில் ஊசி முனை அளவு வெளிறிய புள்ளிகள் அங்கங்கே தெரியும். இந்தத் தொழில்நுட்பத்தின் உயிர்நாடியே அந்தப் புள்ளிகளில்தான் இருக்கிறது. படலத்தில் எங்கோ ஒரு நுண்ணிய குறை இருந்து அங்கே மின்சாரம் துளைத்துப் பாய்ந்தால், அந்தப் பொறியின் வெப்பத்தில் சுற்றியுள்ள உலோகம் ஆவியாகி விலகிவிடுகிறது. துளையைச் சுற்றி உலோகமில்லாத ஒரு வட்டம் உருவாகிப் பழுது தனிமைப்படுகிறது. மின்தேக்கி தன் காயத்தைத் தானே ஆற்றிக்கொண்டு வேலையைத் தொடர்கிறது. ஒவ்வொரு முறையும் கொஞ்சம் பரப்பு போய்விடுவதால் கொள்திறன் சிறுகச் சிறுகக் குறைகிறது. 2.5 என்பது 1.8 ஆகும்போது விசிறி மோட்டாருக்கு வேண்டிய முறுக்குவிசை கிடைப்பதில்லை. பழுதிலும் வெடிக்காமல், தீப்பிடிக்காமல், மெதுவாகத் தளர்ந்து தன் நிலையை முன்கூட்டியே தெரிவிக்கும் குணம் பெரிய வரம். புதிய பொருள்களை எடைபோடும்போது இதை மறந்துவிடக் கூடாது.

மின்தேக்கியில் எவ்வளவு ஆற்றல் சேரும் என்பதை இரண்டு எண்கள் தீர்மானிக்கின்றன. ஒன்று, பொருளின் மின்காப்பு மாறிலி. மற்றது, அது தாங்கும் மின்புலம். மின்புலம் இருமடங்கானால் ஆற்றல் நான்கு மடங்காகும். பாலிப்புரொப்பிலீனின் மாறிலி வெறும் 2.2தான். ஆனால் இரு திசையிலும் இழுத்து நீட்டிய நல்ல படலம் மைக்ரோமீட்டருக்கு 700 வோல்ட் வரை தாங்கும். கணக்குப் போட்டால் கன சென்டிமீட்டருக்கு 5 ஜூலுக்குச் சற்றுக் குறைவாக வருகிறது. அது உடையும் எல்லை. பல்லாண்டு உழைக்க வேண்டிய மின்தேக்கியை அந்த எல்லையில் நிறுத்த முடியாது. மைக்ரோமீட்டருக்கு 250 வோல்ட் என்று அடக்கி வைத்தால் 0.6 ஜூல்தான் மிஞ்சும். ஒரு நல்ல லித்தியம் அயன் செல் அதே கன சென்டிமீட்டரில் 2,000 ஜூல் அளவுக்குச் சேர்த்து வைக்கிறது.

அப்படியானால் மின்தேக்கியை ஏன் ஆற்றல் சேமிப்பு என்று பேச வேண்டும்? புகளூரைப் பார்த்தால் விடை தெரியும். சத்தீஸ்கரின் ராய்கரிலிருந்து 800 கிலோவோல்ட் நேர்மின்னோட்டமாகப் புகளூருக்கு 6,000 மெகாவாட் வரும் பாதை ஒன்று. அங்கிருந்து திருச்சூருக்கு 320 கிலோவோல்ட்டில் 2,000 மெகாவாட் அனுப்பும் பாதை இன்னொன்று. திருச்சூர்ப் பாதை 2021 பிப்ரவரியில் நாட்டுக்கு அர்ப்பணிக்கப்பட்டது. அதன் இரு முனைகளிலும் மாறுமின்னோட்டத்தை நேராக்கவும் நேரை மாறாக்கவும் சிறு சிறு அலகுகளை அடுக்கிய மாற்றிகள் இருக்கின்றன. ஒவ்வோர் அலகிலும் ஒரு பெரிய படல மின்தேக்கி உண்டு. இவ்வகை நிலையங்களுக்குப் பொறியாளர்கள் வைத்திருக்கும் பொதுக் கணக்கு, ஒரு மெகாவோல்ட் ஆம்பியருக்கு 30 முதல் 40 கிலோஜூல் வரை. அந்தக் கணக்கில் 2,000 மெகாவாட் நிலையம் ஒன்றில் 70 மெகாஜூல் அளவுக்கு ஆற்றல் தேங்கியிருக்கும். யூனிட்டில் சொன்னால் சுமார் 19. ஒரு சிறிய மின்சாரக் காரின் பேட்டரியில் அடங்கிவிடும் அளவு அது.

ஆனால் எந்தக் கார் பேட்டரியாலும் அந்த வேலையைச் செய்ய முடியாது. 70 மெகாஜூல் என்பது 2,000 மெகாவாட்டுக்கு 35 மில்லிவினாடி தாங்கும் இருப்பு. மாறுமின்னோட்டத்தின் ஒரு சுற்றுக்கு 20 மில்லிவினாடி ஆகிறது. ஒவ்வொரு சுற்றிலும் அந்த இருப்பில் ஒரு பங்கை வாங்கித் திருப்பிக் கொடுத்துக்கொண்டே, இரவு பகல் ஓய்வில்லாமல், 30 ஆண்டு உழைக்க வேண்டும். மின்தேக்கியின் பெருமை அளவில் இல்லை, வேகத்திலும் உழைப்பிலும் இருக்கிறது.

இடத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். 8 மில்லி ஃபாரட், 2,500 வோல்ட் கொண்ட ஓர் அலகின் மின்தேக்கியை மேலே சொன்ன 250 வோல்ட் மின்புலத்தில் வடிவமைத்தால், 10 மைக்ரோமீட்டர் படலம் ஏறக்குறைய 4,100 சதுர மீட்டர் வேண்டும். ஒரு ஏக்கருக்குச் சற்றே கூடுதல். ஒரே ஒரு அலகுக்கே இவ்வளவு. இத்தகைய மாற்றிகளில் மின்தேக்கிகளே அலகின் பெரும்பகுதி இடத்தையும் எடையையும் பிடித்துக்கொள்கின்றன. படலத்தின் திறன் கூடினால் கட்டடமே சிறுக்கும்.

இனி வெப்பம். பாலிப்புரொப்பிலீன் உருகுவது 165 டிகிரி செல்சியஸை ஒட்டி. ஆனால் அதற்கு வெகு முன்பே அது மின்பணிக்கு உதவாமல் போய்விடுகிறது. 85 டிகிரி வரை முழு மின்னழுத்தம் தாங்கும். அதற்கு மேல் மின்னழுத்தத்தைக் குறைத்துக்கொண்டே போய் 105 டிகிரியில் நிறுத்திவிட வேண்டும். வெப்பம் ஏறும்போது படலத்துக்குள் மின்னூட்டங்கள் தாம் மாட்டி நிற்கும் ஓர் இடத்திலிருந்து இன்னொன்றுக்குத் தாவுவது எளிதாகிறது. உலோகத்திலிருந்தும் எலெக்ட்ரான்கள் எளிதில் உள்ளே நுழைகின்றன. கசிவு மின்னோட்டம் கூடுகிறது, கசிவு வெப்பத்தைத் தருகிறது, வெப்பம் மேலும் கசிவைத் தருகிறது. பிளாஸ்டிக் வெப்பத்தை வெளியே கடத்துவதில் மந்தம். ஒரு கட்டத்துக்கு மேல் இந்தச் சுழல் கட்டுக்கடங்காமல் போய் மின்தேக்கி அழிந்துவிடுகிறது. வெப்பம் பத்து டிகிரி ஏறினால் ஆயுள் பாதியாகும் என்பது துறையில் பழக்கமான கணக்கு. மின்னழுத்தத்தின் தாக்கம் இன்னும் கடுமை: பத்து சதவீதம் ஏறினாலே ஆயுள் பாதியாகிவிடலாம். நுங்கம்பாக்கம் வானிலை நிலையம் 2003 மே 31 அன்று 45 டிகிரியைப் பதிவு செய்தது. வெளிக்காற்றே அப்படி என்றால், வெயிலில் காய்ந்த தளத்தின் அடியில், மோட்டாரின் சூட்டுக்குப் பக்கத்தில் இருக்கும் கண்டன்சரின் நிலை என்ன என்று யோசித்துக்கொள்ளலாம்.

கார்களில் சிக்கல் இன்னும் தெளிவு. டொயோட்டா பிரியஸ் போன்ற ஹைபிரிட் வண்டிகளில் எஞ்சினுக்கு ஒரு குளிர்விப்புச் சுற்று, இன்வெர்ட்டருக்குத் தனியாக இன்னொன்று என்று வைத்தார்கள். எஞ்சினைச் சுற்றிய நூற்றுச் சொச்சம் டிகிரி நீர் இன்வெர்ட்டருக்கு ஆகாது என்பதற்காகவே அந்தக் கூடுதல் எடை, கூடுதல் குழாய், கூடுதல் பம்ப். இதற்கிடையில் சிலிக்கான் கார்பைடு சுவிட்சுகள் வந்துவிட்டன. அவை 175 டிகிரியிலும் வேலை செய்யும். அவற்றுக்குப் பக்கத்திலேயே இருந்தாக வேண்டிய மின்தேக்கி மட்டும் 105இல் நின்றுவிடுகிறது. பெரம்பூர் ஐசிஎஃப் ரயில்பெட்டி ஆலையில் 2018இல் வெளிவந்த வந்தே பாரத் ரயில் முதல் இருங்காட்டுக்கோட்டையில் தயாராகும் மின்சார ஹூண்டாய் கிரெட்டா வரை, தமிழ்நாட்டில் உருவாகும் வண்டிகள் எல்லாவற்றுக்கும் பொதுவான பிரச்சினை இது.

வெப்பம் தாங்கும் பிளாஸ்டிக்குக்கு உலகில் பஞ்சமில்லை. கேப்டான் என்று வணிகப் பெயர் பெற்ற பாலிஇமைடு 350 டிகிரிக்கு மேலும் இளகாது. பாலிஈதர்இமைடு 217 டிகிரி வரை விறைப்பாக நிற்கும். விறைப்பாக இருப்பது வேறு, மின்சாரத்தைத் தடுப்பது வேறு. இந்தப் பொருள்களுக்கு விறைப்பைத் தருவன பென்சீன் வளையங்கள். அந்த வளையங்களில் எலெக்ட்ரான்கள் பகிர்ந்து திரிவதால் பொருளின் ஆற்றல் பட்டை இடைவெளி, அதாவது எலெக்ட்ரான் கட்டவிழ்ந்து ஓடத் தாண்ட வேண்டிய தடை, சுருங்குகிறது. பாலிப்புரொப்பிலீனில் 7 எலெக்ட்ரான்வோல்ட் அளவுக்கு இருப்பது கேப்டானில் 3 சொச்சமாகக் குறைந்துவிடுகிறது. உயர்ந்த மின்புலத்தில் சூடேற்றினால் கேப்டான் உருகாமலே மின்சாரத்தைக் கசியவிடுகிறது. விறைப்பும் அகன்ற இடைவெளியும் ஒன்றுக்கொன்று பகையாக இருப்பதுதான் இத்துறையின் முடிச்சு. கடந்த பத்துப் பதினைந்து ஆண்டுகளின் ஆராய்ச்சி முழுவதும் அதை அவிழ்க்கும் முயற்சியே.

பென்சில்வேனியா மாநிலப் பல்கலைக்கழகத்தில் சிங் வாங்கின் குழு 2015இல் 'நேச்சர்' இதழில் ஒரு வழியைக் காட்டியது. குறுக்கிணைந்த ஒரு பாலிமரில் போரான் நைட்ரைடின் நானோ தகடுகளைக் கலந்தார்கள். அந்தத் தகடு மின்சாரத்தைத் தடுக்கும், வெப்பத்தைக் கடத்தும். இரண்டும் வேண்டியவையே. முடிவுகள் வியப்பளித்தன. ஆனால் நானோ தகடுகள் கட்டி கட்டாமல், கிலோமீட்டர் கணக்கில் ஓடும் படலம் முழுதும் ஒரே சீராகப் பரவ வேண்டும். ஒரே ஒரு கட்டி போதும், படலம் அங்கே துளைபட்டுவிடும். சோதனைக்கூடத்துக்குப் பொருந்திய வழி ஆலைக்குப் பொருந்தும் என்று நான் நம்பவில்லை.

பாலிஈதர்இமைடில் எலெக்ட்ரானை இறுகப் பற்றும் கரிம மூலக்கூறுகளைச் சிறிதளவு கரைப்பது இரண்டாவது வழி. உள்ளே நுழையும் எலெக்ட்ரான் அதில் மாட்டி நகர முடியாமல் நிற்கும். 2020இல் வெளியான இந்த முடிவுகளில் 200 டிகிரியில் கன சென்டிமீட்டருக்கு 3 ஜூல், 90 சதவீதத் திறனுடன் கிடைத்தது. ஏற்கெனவே சந்தையில் உள்ள பாலிமரோடு கரைத்துச் சேர்ப்பதே வேலை என்பதால் இது நடைமுறைக்கு அருகில் இருக்கிறது.

மூன்றாவது வழி பாலிமரையே புதிதாக வடிவமைப்பது. அடையாறுக்காரர்கள் இதைக் கொஞ்சம் உரிமையோடு படிக்கலாம். பெசன்ட் நகரிலிருந்து கூப்பிடு தூரத்தில் இருக்கும் சென்னை ஐஐடியில் உலோகவியல் படித்தவர் ராம்பி ராம்பிரசாத். கனெக்டிகட் பல்கலைக்கழகத்திலும் பின்பு ஜார்ஜியா டெக்கிலும் இருந்து, பாலிமர்களைக் கணினியில் முன்கூட்டிக் கணிக்கும் துறைக்கு அடித்தளமிட்டவர்களுள் ஒருவர். அவர் குழுவும் கனெக்டிகட்டில் கிரெகரி சாட்சிங், யாங் சாவ் ஆகியோரின் குழுக்களும் சேர்ந்து முடிச்சை வேறு பக்கத்திலிருந்து அவிழ்த்தார்கள். விறைப்புக்குப் பென்சீன் வளையமே வேண்டும் என்று யார் சொன்னது? பாலம் போட்டுக் கட்டிய நிறைவுற்ற வளையமும் விறைப்பைத் தரும். அதில் எலெக்ட்ரான்கள் திரிய வழியில்லை. நார்போர்னீன் வகை மூலக்கூறுகளை அடிப்படையாகக் கொண்டு 2020இல் அவர்கள் அறிவித்த பாலிமரில், உயர்ந்த வெப்பத்தில் விறைப்பும் 5 எலெக்ட்ரான்வோல்ட் இடைவெளியும் ஒன்றாக அமைந்தன. பிறகு இயந்திரக் கற்றலின் துணையோடு தேடி, 2024இல் வெளியிட்ட இன்னொரு பாலிமர் 200 டிகிரியில் கன சென்டிமீட்டருக்கு 8.3 ஜூல் கொடுத்தது. அந்த வெப்பத்தில் சந்தையில் கிடைக்கும் எந்தப் பாலிமரைவிடவும் 11 மடங்கு அதிகம் என்கிறார்கள். ஷாங்காயில் 2023இல் ஏணி வடிவச் சங்கிலி கொண்ட பாலிமர் ஒன்று அதே 200 டிகிரியில் 90 சதவீதத் திறனுடன் 5.34 ஜூலைத் தொட்டது.

எண்கள் மகிழ்ச்சி தருகின்றன. இவற்றை நம்பி ஆலை போடலாமா என்றால், இன்னும் இல்லை என்பதே என் கணிப்பு.

90 சதவீதத் திறன் என்பதை எடுத்துக்கொள்வோம். ஒரு முறை ஏற்றி இறக்கினால் பத்தில் ஒரு பங்கு வெப்பமாகப் போகிறது என்று பொருள். 5.34 ஜூல் வெளிவந்தால் ஏறக்குறைய 0.6 ஜூல் உள்ளேயே தங்கிவிடும். வினாடிக்கு 50 முறை அப்படிச் செய்தால் ஒரு கன சென்டிமீட்டரில் 30 வாட் வெப்பம். எந்தப் பிளாஸ்டிக்கும் அதைத் தாங்காது. உச்ச மின்புலத்தில் எடுத்த அளவு அது என்பதும், அன்றாடப் பணியில் மின்புலம் குறைவாக இருப்பதால் இழப்பும் குறையும் என்பதும் உண்மைதான். அப்படியானால் அந்தக் குறைந்த மின்புலத்தில், தொடர்ந்து ஆயிரக்கணக்கான மணி நேரம் ஓட்டி எடுத்த எண்ணைத்தான் முன்னால் வைக்க வேண்டும். இப்போதைய கட்டுரைகளில் உச்ச எண் தலைப்பில் இருக்கிறது, ஆயுள் எண்ணைத் தேட வேண்டியிருக்கிறது. பாலிப்புரொப்பிலீனின் சாதாரண இழப்பு பத்தாயிரத்தில் இரண்டு பங்கு அளவே என்பதை நினைத்தால், புதியவை தாண்ட வேண்டிய உயரம் புரியும்.

சோதனைக்கூடத்தில் மில்லிமீட்டர் அளவு விட்டமுள்ள வட்டத்தில் உலோகம் பூசி அளக்கிறார்கள். பரப்பு கூடக் கூடக் குறை அகப்படும் வாய்ப்பும் கூடும். சில மில்லிமீட்டர் வட்டத்தில் மைக்ரோமீட்டருக்கு 600 வோல்ட் தாங்கிய படலம் ஒரு ஏக்கரில் அதே அளவு தாங்காது. காயம் ஆற்றும் குணமும் கேள்விக்குரியது. பாலிப்புரொப்பிலீனில் ஹைட்ரஜன் அதிகம் என்பதால், பொறி பறக்கும்போது கரி பெரும்பாலும் வாயுவாகப் போய்விடுகிறது. வளையங்கள் நிறைந்த பாலிமர்களில் கரி அங்கேயே படிந்து மின்சாரத்துக்குப் பாதை போட்டுக் கொடுத்துவிடும். காயம் ஆறுவதற்குப் பதில் புரையோடிவிடும். கேப்டானின் பெரிய பலவீனம் இது. புதிய வரவுகளில் எவை ஆறுகின்றன, எவை ஆறவில்லை என்ற தகவல் ஆற்றல் அடர்த்தியைவிட எனக்கு முக்கியமாகப் படுகிறது.

உற்பத்தியையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். பாலிப்புரொப்பிலீனை உருக்கி, தகடாக வார்த்து, நீளவாக்கில் 5 மடங்கும் குறுக்கே 9 மடங்கு வரையும் இழுத்து, 2, 3 மைக்ரோமீட்டர் தடிமனில் பல மீட்டர் அகலத்துக்கு ஓயாமல் ஓடவிடுகிறார்கள். புதிய பாலிமர்களில் பல கரைப்பானில் கரைத்து ஊற்றி உலர்த்துபவை. நார்போர்னீன் வகைக்கு ருதீனியம் கலந்த வினையூக்கி வேண்டும். அதன் எச்சம் படலத்தில் தங்கினால் அதுவே கசிவுக்கு வழி. இவை தீர்க்க முடியாதவை அல்ல, ஆனால் தீர்க்கப் பல ஆண்டு ஆகும்.

கடைசியாக, நம் கடற்கரைக்கே உரிய எதிரி. எலியட்ஸ் கடற்கரையை ஒட்டிய தெருக்களில் ஏசி வெளிப்பெட்டியின் திருகாணிகூட இரண்டு பருவத்தில் துருப்பிடித்துவிடுகிறது. படல மின்தேக்கியின் உலோகமோ நானோமீட்டர் கணக்கில் இருப்பது. ஈரம் உள்ளே நுழைந்தால் அலுமினியம் ஆக்சைடாகவும் துத்தநாகம் ஹைட்ராக்சைடாகவும் மாறி, நாடாவின் ஓரத்திலிருந்து வெளுத்துக்கொண்டே வரும். பிரித்த சுருளில் ஓரங்களில் தெரியும் வெண்திட்டுகள் அதனால்தான். 85 டிகிரி வெப்பம், 85 சதவீத ஈரப்பதம் என்ற கடுஞ்சோதனையை வாகன நிறுவனங்கள் கேட்கின்றன. உப்பும் ஈரமும் வெப்பமும் மின்னழுத்தமும் ஒன்றாகச் சேர்ந்து தாக்கும் சோதனையைப் புதிய பாலிமர் கட்டுரைகளில் பார்ப்பது அரிது.

நாட்டு நிலைமையையும் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். கண்ணூரில் கெல்ட்ரான் பல ஆண்டுகளாகப் படல மின்தேக்கி செய்கிறது. நாசிக்கில் டிடிகேயின் ஆலை இருக்கிறது. மின்தேக்கித் தரமுள்ள படலத்தை மேற்கு வங்கத்தின் பர்ஜோராவில் எக்ஸ்புரோ தயாரிக்கிறது. நாட்டின் தேவைக்கு அது போதாததால் வெளிநாட்டுப் படலமும் வருகிறது. பாலிப்புரொப்பிலீனின் மூலப்பொருளான புரொப்பிலீன் மணலியில் உண்டு, அது புரொப்பிலீன் கிளைகால் போன்றவையாக மாறுகிறது. வண்டி செய்வோர், மாற்றி நிலையம் நடத்துவோர், உயர் மின்னழுத்தம் கற்பிக்கும் கிண்டி பொறியியல் கல்லூரி, ஐஐடியின் உயர் மின்னழுத்த ஆய்வகம், காரைக்குடியில் மின்வேதியியல் ஆய்வு மையம் என எல்லோரும் தமிழ்நாட்டில் இருக்கிறார்கள். ஒரே மேசையில் உட்கார்ந்து இந்தப் பொருளைப் பற்றிப் பேசினால் போதும்.

அடுத்த பாலிமரைக் கண்டுபிடிக்கும் பந்தயத்தில் நாம் முந்த வேண்டும் என்று நான் கேட்கவில்லை. கண்டுபிடிக்கப்பட்டவற்றை நம் வெயிலிலும் உப்புக் காற்றிலும் ஆண்டுக்கணக்கில் மின்னழுத்தத்தோடு நிறுத்தி, கொள்திறன் எவ்வளவு குறைந்தது, காயம் ஆறியதா, ஓரம் வெளுத்ததா என்று எழுதி வெளியிடும் இடம் ஒன்று வேண்டும். மண்டபம் கடற்கரையில் காரைக்குடி மையத்தினர் இரும்புக்கும் பூச்சுக்கும் அரிப்புச் சோதனைக் களம் வைத்திருக்கிறார்கள். அங்கே மின்தேக்கிகளுக்கும் ஒரு வரிசை ஒதுக்குங்கள்.